தொண்ணூறா, எண்பத்திரண்டா?

உங்கள் வீட்டுப் பீரோவைத் திறந்து பாருங்கள். பட்டுப் புடவைகளுக்கு அடியிலோ, பாங்குப் புத்தகங்களுக்கு மேலேயோ, பிளாஸ்டிக் உறை போட்ட காகிதம் ஒன்று இருந்தாலும் இருக்கும். உங்கள் பீரோவில் இல்லாவிட்டால் அடுத்த வீட்டில் இருக்கும்; அங்கேயும் இல்லாவிட்டால் எதிர் வீட்டில் நிச்சயம். ஆசிரியர் தகுதித் தேர்வில் தேறியதற்கான சான்றிதழ் அது. 'டெட் பாஸ்' என்று நாம் சுருக்கமாகச் சொல்லுகிறோமே, அதுதான்.

பெண்ணுக்கு வரன் பார்க்கிற தாயார் ஒருத்தி ஜாதகத்தோடு இதையும் ஒரு நகல் எடுத்து அனுப்பினால் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. சர்க்கார் பள்ளிக்கூட உத்தியோகம், காலையில் போனால் மாலையில் வீடு, கோடை விடுமுறை! எந்த மாமியாருக்குத்தான் பிடிக்காது? ஆனால், "வேலை எப்போது கிடைக்கும்?" என்று பிள்ளை வீட்டார் கேட்டுவிட்டால்தான் சங்கடம். 2014-லிருந்து 2016 வரையில் அந்தக் கேள்விக்கு எல்லா வீட்டிலும் ஒரே பதில்தான்: "கோர்ட்டிலே கேஸ் இருக்கிறது."

வாத்தியார் வேலைக்கும் கோர்ட்டுக்கும் என்ன சம்பந்தம்? நிலத் தகராறா, பாகப் பிரிவினையா? விஷயம் இதுதான்: பரீட்சைக்கு அறுபது சதவிகிதம் வேண்டும் என்று சொல்லிப் பெண்களையும் பிள்ளைகளையும் உட்கார வைத்தார்கள். முடிவு வெளியான பிறகு, பெரும்பாலோருக்கு ஐம்பத்தைந்தே போதும் என்றார்கள். ஐந்து சதவிகிதம், மார்க்குக் கணக்கில் எட்டே எட்டு மார்க்கு. அந்த எட்டு மார்க்குக்காக மதுரை, சென்னை, டில்லி என்று மூன்று ஊர் கோர்ட்டுப் படிகளை ஏறி இறங்கினார்கள் நம் உபாத்தியாயினிகள். அந்தக் கதையைத்தான் இந்த வாரம் உங்களுக்குச் சொல்லப் போகிறேன்.

கார்டும் காத்திருப்பும்

முன்னெல்லாம் இந்த வேலைக்கு வழி வேறு மாதிரி இருந்தது. ஆசிரியர் பயிற்சி முடித்த கையோடு வேலை வாய்ப்பு அலுவலகத்துக்குப் போய்ப் பெயரைப் பதிவு செய்வார்கள். ஓர் அட்டை கொடுப்பார்கள். மூன்று வருஷத்துக்கு ஒரு தடவை மறக்காமல் புதுப்பிக்க வேண்டும். பதிவு மூப்புப்படி ஒரு நாள் கார்டு வரும். அந்த ஒரு நாள் ஐந்து வருஷத்திலும் வரலாம், பதினைந்து வருஷத்திலும் வரலாம். நடுவிலே சில ஆண்டுகள் போட்டிப் பரீட்சை வைத்துப் பார்த்ததும் உண்டு. மறுபடி மூப்புக்கே திரும்பியதும் உண்டு. சர்க்கார் மாறும்போது இதுவும் மாறும். மூப்பு முறையில் திறமைக்கு இடமில்லை என்று குறை சொன்னவர்கள் அநேகம் பேர். வாஸ்தவம்தான். ஆனாலும் வரிசை எவ்வளவு நீளமாக இருந்தாலும் தனக்கு முன்னால் எத்தனை பேர் என்பது தெரிந்திருந்தது. அது ஒரு நிம்மதி.

2009-ல் பார்லிமெண்டு கல்வி உரிமைச் சட்டத்தை நிறைவேற்றியது. 2010 ஏப்ரல் 1 முதல் அது அமலுக்கு வந்தது. ஆறு வயதிலிருந்து பதினான்கு வயது வரை எல்லாக் குழந்தைகளுக்கும் இலவசக் கட்டாயக் கல்வி என்பது மட்டுமல்ல. அவர்களுக்குப் பாடம் சொல்லுகிறவர் யார் என்பதையும் அது கவனித்தது. தகுதியை வகுக்கும் பொறுப்பு டில்லியிலுள்ள தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்திடம் போயிற்று. 2010 ஆகஸ்டு 23-ல் அந்தக் குழுமம் ஓர் அறிவிக்கை போட்டது: ஒன்றாம் வகுப்பிலிருந்து எட்டாம் வகுப்பு வரை கற்பிக்க வேண்டுமானால் பயிற்சிப் பட்டயமோ பட்டமோ மாத்திரம் போதாது, தகுதித் தேர்விலும் தேற வேண்டும்.

மறு வருஷம், 2011 பிப்ரவரி 11-ல், அந்தத் தேர்வை நடத்துவது எப்படி என்று வழிகாட்டிக் குறிப்புகள் வந்தன. அதிலே மூன்று சங்கதிகளை நீங்கள் மனத்தில் முடிந்து வைத்துக்கொள்ள வேண்டும். ஒன்று, நூற்றுக்கு அறுபது வாங்கினால்தான் தேர்ச்சி. இரண்டு, தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், பிற்படுத்தப்பட்டோர், உடல் ஊனமுற்றோர் ஆகியோருக்கு அந்தந்த சர்க்கார் தன் இட ஒதுக்கீட்டுக் கொள்கைப்படி சலுகை தருவது பற்றி யோசிக்கலாம். மூன்று, இந்தப் பரீட்சையில் வாங்கிய மார்க்குக்கு வேலை நியமனத்தில் மதிப்புத் தர வேண்டும்; ஆனால் பாஸ் செய்துவிட்டதனாலேயே வேலை கேட்கும் உரிமை வந்துவிடாது. பின்னால் பெரிய பெரிய வக்கீல்கள் மணிக்கணக்காக வாதாடியதெல்லாம் இந்த மூன்றைச் சுற்றித்தான்.

தமிழ்நாட்டில் 2011 நவம்பர் 15-ல் அரசாணை பிறந்தது. பரீட்சை நடத்துவது ஆசிரியர் தேர்வு வாரியம். முதல் தேர்வு 2012 ஜூலை 12-ல் நடந்தது. ஏறக்குறைய ஏழு லட்சம் பேர் சம்பந்தப்பட்ட பரீட்சை அது. தேறியவர்கள் எத்தனை பேர் தெரியுமா? 2,448 பேர்! நூற்றுக்கு ஒருவர்கூடத் தேறவில்லை.

ஊரெல்லாம் ஒரே பேச்சு. "வாத்தியாருக்கே தெரியாவிட்டால் குழந்தைக்கு என்ன தெரியும்?" என்று திண்ணையில் உட்கார்ந்து சிரித்தவர்கள் உண்டு. சிரித்தவர்கள் ஒன்றைக் கவனிக்கவில்லை. 150 கேள்விகளுக்கு அன்று கொடுத்த நேரம் ஒன்றரை மணி. ஒரு கேள்விக்கு முப்பத்தாறு விநாடி! கேள்வியைப் படித்து, நான்கு விடைகளையும் படித்து, சரியான வட்டத்தைக் கறுப்பாக்க வேண்டும். ரசத்துக்குத் தாளிக்கவே அதைவிட நேரம் பிடிக்கும். சர்க்காருக்கே இது நியாயமில்லை என்று பட்டிருக்க வேண்டும். அதே ஆண்டு அக்டோபரில் துணைத் தேர்வு வைத்தபோது மூன்று மணி நேரம் கொடுத்தார்கள். சுமார் 19,000 பேர் தேறினார்கள்.

அரை மார்க்கு எங்கே போயிற்று?

கதையின் முக்கியக் கட்டம் 2013-ல் ஆரம்பமாகிறது. மே மாதம் விளம்பரம் வந்தது. ஆகஸ்டு 17, 18 தேதிகளில் பரீட்சை நடந்தது. முதல் தாள் ஐந்தாம் வகுப்பு வரை கற்பிப்பவர்களுக்கு. இரண்டாம் தாள் ஆறிலிருந்து எட்டு வரை. 150 மார்க்கில் 90 வாங்கினால் பாஸ். எல்லோருக்கும் ஒரே கோடு. நவம்பரில் முடிவு வெளியாயிற்று. ஆறரை லட்சம் பேருக்கு மேல் எழுதியதில் சுமார் 27,000 பேர் கோட்டைத் தாண்டியிருந்தார்கள். ஜனவரியில் சான்றிதழ் சரிபார்ப்புக்கு அழைப்பு வந்தது. கைக்குழந்தையை அம்மாவிடம் விட்டுவிட்டு, ஒரிஜினல் சான்றிதழ்களைப் பையில் போட்டுக்கொண்டு, மாவட்டத் தலைநகருக்குப் பஸ் ஏறினார்கள். வீட்டுக்குத் திரும்பியவர்கள் வேலையே கிடைத்துவிட்டது போலத்தான் திரும்பினார்கள்.

2014 பிப்ரவரி 3-ல் சட்டசபையில் முதலமைச்சர் ஜெயலலிதா அறிவித்தார்: தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், பிற்படுத்தப்பட்டோர், முஸ்லிம் பிற்படுத்தப்பட்டோர், மிகவும் பிற்படுத்தப்பட்டோர், சீர்மரபினர், மாற்றுத் திறனாளிகள் ஆகியோருக்கு ஐந்து சதவிகிதச் சலுகை உண்டு, அவர்களுக்கு 55 போதும். அது மட்டுமல்ல, முடிந்து போன 2013 ஆகஸ்டுப் பரீட்சைக்கும் இது பொருந்தும். மூன்றே நாளில், பிப்ரவரி 6-ல், 25-ஆம் எண் அரசாணை வந்துவிட்டது. 150-ல் 55 சதவிகிதம் என்றால் 82½ அல்லவா? அந்த அரை மார்க்கைத் தள்ளி 82 என்று வைத்தார்கள். கறிகாய்க்காரனோடு அரை ரூபாய்க்கு மன்றாடும் நமக்கு இந்தத் தாராளம் பெரிய ஆச்சரியம்தான்!

அன்று எத்தனை வீடுகளில் பாயசம் வைத்தார்கள் என்று யாருக்குத் தெரியும்? 82-க்கும் 89-க்கும் இடையில் நின்று அழுதுகொண்டிருந்தவர்கள் ஒரே நாளில் பாஸ் ஆனார்கள். அதே நாளில் வேறு பல வீடுகளில் அடுப்பே எரிந்திருக்காது. 90-ஐத் தாண்டி, சரிபார்ப்பையும் முடித்துவிட்டு உத்தரவுக்காகக் காத்திருந்தவள், தன் வரிசையில் திடீரென்று பெரிய கூட்டம் ஒன்று வந்து நிற்பதைக் கண்டாள். அவளும் பிற்படுத்தப்பட்ட வகுப்புப் பெண்ணாக இருக்கலாம். பெரும்பாலும் அப்படித்தான் இருப்பாள். ஆகையால் இதை மேல் ஜாதி, கீழ் ஜாதிச் சண்டை என்று சுலபமாகத் தள்ளிவிட முடியாது. ஒரே ஜாதிக்குள், ஒரே தெருவுக்குள் நடந்த சண்டை இது. 2012-ல் 85 வாங்கியிருந்தவளுக்கோ இந்தச் சலுகை கிடையவே கிடையாது. 2013-லிருந்துதான். அவள் கோபம் தனி.

இரண்டு பக்கத்தின் வாதத்தையும் கேட்டுவிடுவோம். 'ஆட்டம் ஆரம்பித்த பிறகு ஆட்டத்தின் விதியை மாற்றக் கூடாது' என்று சுப்ரீம் கோர்ட்டே சொல்லியிருக்கிறது என்றார்கள் 90-ஐத் தாண்டியவர்கள். 2008-ல் ஆந்திராவில் ஜில்லா ஜட்ஜுகளைத் தேர்ந்தெடுத்தபோது, பேட்டி முடிந்த பிற்பாடு பேட்டிக்குக் குறைந்தபட்ச மார்க்கு என்று ஒரு புது நிபந்தனை நுழைந்தது. அது செல்லாது என்று அப்போது தீர்ப்பாயிற்று. ஜட்ஜுக்கு ஒரு நியாயம், டீச்சருக்கு ஒரு நியாயமா?

மற்றப் பக்கமோ, 'விதியை யாரும் மாற்றவில்லை; 2011 வழிகாட்டிக் குறிப்பிலேயே சலுகை தரலாம் என்று இருக்கிறது. மற்ற மாநிலங்கள் பல முன்பே கொடுத்துவிட்டன. நமது சர்க்கார் கொஞ்சம் தாமதமாகக் கொடுத்தது, அவ்வளவுதான்' என்றது. சமூக நீதிக்குப் பேர் போன தமிழ்நாட்டில், வீட்டில் முதன்முதலாகப் பள்ளிக்கூடம் ஏறிய பெண்ணுக்கு ஐந்து சதவிகிதம் கொடுப்பது பெரிய குற்றமா?

என் அபிப்பிராயத்தைக் கேட்டால், சலுகையில் தப்பில்லை. அதன் தேதியில்தான் தப்பு. 2013 மே மாத விளம்பரத்திலேயே ஒரு வரி சேர்த்து அச்சடித்திருந்தால் ஒருத்தியும் வக்கீல் வீட்டு வாசலில் நின்றிருக்க மாட்டாள். அந்த ஒரு வரியை அச்சடிக்க என்ன செலவாகியிருக்கும்?

ஒரே வீட்டு அக்காவும் தங்கையும்

எட்டு மார்க்குச் சண்டை போதாதென்று இன்னொன்றும் கூடவே வந்தது. அதன் பெயர் வெயிட்டேஜ். இந்த வார்த்தையைக் கேட்டால் இன்றும் பல வீடுகளில் பெருமூச்சு வரும்.

பாஸ் செய்தவர்கள் எல்லோருக்கும் வேலை இல்லை. ஆகவே அவர்களை வரிசைப்படுத்த வேண்டும். எப்படி? 2012 அக்டோபர் 5-ல் வந்த அரசாணை ஒரு கணக்குச் சொல்லியது. மொத்தம் 100. அதில் டெட் மார்க்குக்கு 60. மீதி 40 பழைய படிப்புக்கு. பட்டதாரி ஆசிரியரானால் பிளஸ் டூவுக்கு 10, பட்டத்துக்கு 15, பி.எட்.டுக்கு 15. இடைநிலை ஆசிரியரானால் பிளஸ் டூவுக்கு 15, பயிற்சிப் பட்டயத்துக்கு 25.

கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் டெட் மார்க்குக்கு மதிப்புப் போட்ட விதம் விசித்திரம். 60 சதவிகிதத்திலிருந்து 70-க்குள் வாங்கினால் எல்லோருக்கும் 42. 70-லிருந்து 80-க்குள் என்றால் 48. அதாவது 150-க்கு 90 வாங்கியவளுக்கும் 42, 104 வாங்கியவளுக்கும் 42. ஆனால் 105 வாங்கிவிட்டால் 48! பதினான்கு மார்க்குக்குக் கிடைக்காத பலன் ஒற்றை மார்க்குக்குக் கிடைத்துவிடும். இதைச் சென்னை ஹைகோர்ட்டில் ஒரு நீதிபதி 2014 ஏப்ரல் மாத முடிவில் தள்ளுபடி செய்தார். மே 30-ல் சர்க்கார் 71-ஆம் எண் அரசாணையைப் போட்டது. படிகளை எடுத்துவிட்டு, வாங்கிய மார்க்குக்குத் தக்கபடி விகிதக் கணக்கு வைத்தது.

இப்போது நியாயமாகிவிட்டதா? ஒரு பென்சிலை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரே வீட்டில் அக்கா, தங்கை இருவர் என்று கற்பனை செய்துகொள்வோம். அக்கா 1995-ல் பிளஸ் டூ முடித்தவள். தங்கை பத்து வருஷம் கழித்து முடித்தவள். அக்கா காலத்தில் 60 சதவிகிதம் என்றாலே தெருவில் கற்கண்டு கொடுப்பார்கள். தங்கை காலத்தில் 90 வாங்கினாலும் அம்மா முகம் சுளிப்பாள்.

அக்காவுக்குப் பிளஸ் டூவில் 60 சதவிகிதம், பட்டத்தில் 60, பி.எட்.டில் 70. டெட்டில் 150-க்கு 100. கணக்குப் போடுங்கள்: 6, 9, 10½, 40. மொத்தம் 65½. தங்கைக்குப் பிளஸ் டூவில் 90 சதவிகிதம், பட்டத்தில் 80, பி.எட்.டில் 80. டெட்டில் தட்டுத் தடுமாறி 90 மார்க்கு. 9, 12, 12, 36. மொத்தம் 69. தங்கைக்கு வேலை, அக்காவுக்கு இல்லை. இருவரும் ஒரே நாளில், ஒரே கேள்வித்தாளைப் பார்த்து எழுதிய பரீட்சையில் அக்காதான் பத்து மார்க்கு முன்னால். ஆனால் பதினெட்டு வருஷத்துக்கு முன் எழுதிய பரீட்சை அவளை இழுத்துப் பின்னால் தள்ளிவிட்டது.

டெட் பரீட்சையை இன்னொரு தடவை எழுதி மார்க்கை உயர்த்திக்கொள்ளலாம். 1995-ல் வாங்கிய மார்க்கை யார் போய் உயர்த்துவது? நடுவிலே ஒரு தனியார் பள்ளிக்கூடத்தில் பத்து வருஷம் தொண்டை கிழியக் கத்தியிருப்பாள். அந்த அனுபவத்துக்கும் ஒரு மார்க்கு கிடையாது, வேலை வாய்ப்பு அலுவலகத்து மூப்புக்கும் கிடையாது. தங்கையைக் கேட்டால், "நானும் ராத்திரி பகலாகப் படித்துத்தானே வாங்கினேன்? அது பொய்யா?" என்பாள். அதுவும் சரிதான்.

மதுரை ஒன்று சொல்ல, சென்னை ஒன்று சொல்ல

வழக்குகள் நூற்றுக் கணக்கில் குவிந்தன. சென்னை ஹைகோர்ட்டுக்குத் தென் ஜில்லாக்களுக்கென்று மதுரையில் ஒரு கிளை இருக்கிறதல்லவா? இரண்டு இடத்திலும் மனுக்கள். 2014 செப்டம்பரில் தீர்ப்புகள் வந்தன. சென்னையில் இரண்டு நீதிபதிகள் அடங்கிய பெஞ்சு, சலுகையும் செல்லும், வெயிட்டேஜும் செல்லும் என்று சொல்லிவிட்டது. சில நாட்களுக்குள், செப்டம்பர் 25-ல், மதுரையில் இரண்டு நீதிபதிகள் அடங்கிய இன்னொரு பெஞ்சு, சலுகை கொடுத்த 25-ஆம் எண் அரசாணை செல்லாது என்று சொல்லியது!

ஒரே ஹைகோர்ட்டு, ஒரே அரசாணை, ஒரே மாதம். திருச்சிக்குத் தெற்கே உள்ளவள் எதை நம்புவது, வடக்கே உள்ளவள் எதை நம்புவது? 84 மார்க்கு வாங்கிய பெண் ஒருத்தி பிப்ரவரிக்கு முன் பெயில், பிப்ரவரியில் பாஸ், செப்டம்பர் நடுவில் கெட்டி பாஸ், செப்டம்பர் கடைசியில் மறுபடி பெயில். இத்தனைக்கும் அவள் ஒரு கேள்விக்குக்கூட விடையை மாற்றி எழுதவில்லை.

இரண்டு தீர்ப்பையும் எதிர்த்து இரண்டு பக்கத்தாரும் டில்லிக்குப் போனார்கள். இரண்டு வருஷம் ஓடியது. 2016 நவம்பர் 9-ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொல்லிற்று. அந்தத் தேதி உங்களுக்கு நினைவிருக்கும். முதல் நாள் இரவுதான் ஐந்நூறு, ஆயிரம் ரூபாய் நோட்டுகள் செல்லாது என்று அறிவித்தார்கள். அரிசிப் பானையில் ஒளித்து வைத்த நோட்டுக்களை நாமெல்லாம் எண்ணிக்கொண்டிருந்த வேளையில் இந்தத் தீர்ப்பு வந்தது. யார் கவனித்தார்கள்? கவனிக்க வேண்டியவர்கள் கவனித்தார்கள்.

நீதிபதிகள் சிவ கீர்த்தி சிங், ஆர். பானுமதி இருவரும் அடங்கிய பெஞ்சு அது. தீர்ப்பை எழுதிய பானுமதி தமிழ்நாட்டில் ஜில்லா ஜட்ஜாகத் தொடங்கி, சுப்ரீம் கோர்ட்டுக்குப் போன ஆறாவது பெண்மணி என்ற பெருமையைப் பெற்றவர். மதுரைத் தீர்ப்பு ரத்தாயிற்று. சலுகை தரலாம் என்று வழிகாட்டிக் குறிப்பு முன்பே இடம் கொடுத்திருக்கிறது. இட ஒதுக்கீட்டுக் கொள்கைப்படி சர்க்கார் அதைப் பயன்படுத்தியதை, ஆட்டத்தின் நடுவில் விதியை மாற்றியதாகச் சொல்ல முடியாது என்று முடிவாயிற்று. வெயிட்டேஜைப் பற்றியும் அப்படியே. எந்தப் படிப்புக்கு எத்தனை மதிப்பு என்பது கொள்கை விஷயம். அப்பட்டமான அநீதி இல்லாதவரையில் கோர்ட்டு அதில் தலையிடாது.

ஆக, 82-ம் ஜெயித்தது, தங்கையும் ஜெயித்தாள். சட்டப்படி வழக்கு முடிந்தது.

'ஆட்டத்தின் விதி' விவகாரம் மட்டும் அதோடு முடியவில்லை. 2024 நவம்பர் 7-ல் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன பெஞ்சு அதைத் தீர்த்து வைத்தது. அங்கே வழக்குக்கு உள்ளானது யார் தெரியுமா? ராஜஸ்தான் ஹைகோர்ட்டேதான்! மொழிபெயர்ப்பாளர் வேலைக்குப் பரீட்சை வைத்துவிட்டு, பிற்பாடு 75 சதவிகிதம் வாங்கியவர்களைத்தான் எடுப்போம் என்று சொல்லிவிட்டதாம். விண்ணப்பம் கேட்டு விளம்பரம் போட்ட பிறகு, விதிகளோ விளம்பரமோ இடம் தராத வரையில், தகுதியை நடுவில் மாற்றக் கூடாது என்று தீர்ப்பாயிற்று. பட்டியலில் பெயர் இருப்பதனாலேயே வேலை கேட்கும் உரிமை வந்துவிடாது என்பதையும் சேர்த்தே சொன்னார்கள்.

வயசு ஏறுகிறது

நம் அக்காவை நடுவழியில் விட்டுவிட்டோம். 1977-ல் பிறந்தவள் என்று வைத்துக்கொள்ளுங்கள். பரீட்சை எழுதியபோது வயது முப்பத்தாறு. டில்லித் தீர்ப்பு வந்தபோது முப்பத்தொன்பது.

2018 ஜூலையில் சர்க்கார் இன்னோர் அரசாணை போட்டது. வெயிட்டேஜ் இனிக் கிடையாது. டெட் பாஸ் செய்தவர்கள் எல்லோரும் தனியாக ஒரு போட்டிப் பரீட்சை எழுத வேண்டும். அதில் வாங்கும் மார்க்கை வைத்துத்தான் வேலை. அக்கா எந்த முறை அநியாயம் என்று நினைத்தாளோ அது ஒழிந்தது. ஆனால் சந்தோஷப்படவா முடியும்? மறுபடியும் புத்தகத்தைத் தூக்க வேண்டும். "2013-லேயே பாஸ் செய்தோமே, இன்னொரு பரீட்சை எதற்கு?" என்று கேட்டு, சென்னை நுங்கம்பாக்கத்தில் கல்லூரிச் சாலையிலுள்ள டி.பி.ஐ. வளாகத்தில் உண்ணாவிரதம் இருந்தவர்களின் படங்களைப் பத்திரிகைகளில் பார்த்திருப்பீர்கள். இடுப்பில் குழந்தையோடு தரையில் உட்கார்ந்திருந்தார்களே, அவர்கள்தான்.

போதாக்குறைக்கு வயது வரம்பு. முன்பு அறுபதை எட்டும் வயதுக்குச் சற்று முன்வரையில்கூடச் சேரலாம் என்றிருந்ததை மாற்றி, 2020 ஜனவரியில் பொதுப் பிரிவுக்கு 40, மற்றவர்களுக்கு 45 என்று வைத்தார்கள். அக்காவுக்கு அப்போது வயது நாற்பத்து மூன்று நடக்கிறது. சான்றிதழுக்கும் ஆயுள் ஏழே வருஷம். 2013-ல் வாங்கியது 2020-ல் காலாவதி. வேலையும் இல்லை, வயதும் போயிற்று, காகிதமும் செத்தது!

பிறகு ஒவ்வொன்றாகத் தளர்ந்தது. 2021 ஜூனில் மத்திய சர்க்கார், டெட் சான்றிதழ் ஆயுள் முழுவதும் செல்லும், 2011 முதலே செல்லும் என்று அறிவித்தது. வயது வரம்பும் 2021-ல் கொஞ்சம் உயர்ந்து, 2023-ல் பொதுப் பிரிவுக்கு 53, மற்றவர்களுக்கு 58 என்றாயிற்று. போட்டிப் பரீட்சை, பட்டதாரி ஆசிரியர்களுக்கு 2024 பிப்ரவரியிலும், இடைநிலை ஆசிரியர்களுக்கு அதே ஆண்டு ஜூலையிலும் நடந்தது. அக்காவுக்கு அப்போது நாற்பத்தேழு. அவள் மகள் பிளஸ் டூ எழுதுகிற வயது. ஒரே மேஜை விளக்கில் இருவரும் படித்திருக்க வேண்டும்.

இந்தக் கதையில் குழந்தைகள் எங்கே என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. முப்பது குழந்தைகளுக்கு ஓர் ஆசிரியர் இருக்க வேண்டும் என்பதும் அதே கல்வி உரிமைச் சட்டம் தொடக்கப் பள்ளிக்குச் சொல்லுகிற கணக்குத்தான். வழக்கு முடிகிற வரையில் ஒரு வகுப்பு வாத்தியார் இல்லாமல் இருந்தால், பக்கத்து வகுப்பு டீச்சர் இரண்டையும் சேர்த்துப் பார்த்துக்கொள்வார். மூன்றாம் வகுப்புப் பையன் வக்கீல் வைக்க மாட்டான். அவன் நான்காம் வகுப்புக்குப் போய்விடுவான்.

வாசலுக்கு வெளியே நின்றவர்களின் கவலை இதுவரை. 2025 செப்டம்பர் 1-ஆம் தேதி, உள்ளே இருப்பவர்களுக்கும் கவலை வந்துவிட்டது. நீதிபதிகள் தீபங்கர் தத்தா, மன்மோகன் இருவரும் அடங்கிய சுப்ரீம் கோர்ட்டு பெஞ்சு, கல்வி உரிமைச் சட்டம் வருவதற்கு முன்பே வேலையில் சேர்ந்த ஆசிரியர்களும் இரண்டு வருஷத்துக்குள் டெட் தேற வேண்டும் என்று தீர்ப்பளித்தது. ஓய்வு பெற ஐந்து வருஷத்துக்குக் குறைவாக இருந்தால் வேலையில் தொடரலாம். ஆனால் தேறாமல் பதவி உயர்வு இல்லை. மற்றவர்கள் தேறாவிட்டால் வேலையை விட வேண்டியதுதான். சேர வேண்டிய ஓய்வுப் பணம் கிடைக்கும். சிறுபான்மையினர் பள்ளிகளுக்கு இது பொருந்துமா என்ற கேள்வி மட்டும் பெரிய பெஞ்சுக்குப் போயிற்று. தமிழ்நாடு சர்க்கார் மறு ஆய்வு கோரி மனுச் செய்தது.

2025 நவம்பரில் தமிழ்நாட்டில் டெட் பரீட்சை நடந்தது. இருபது வருஷமாக மேஜைக்கு அந்தப் பக்கம் நின்று கேள்வி கேட்டுப் பழகிய உபாத்தியாயினிகளும், கையில் ஹால் டிக்கெட்டோடு வரிசையில் நிற்க வேண்டிய நிலை. நம் அக்காவுக்கு அந்த மண்டபத்தில் வேலை இல்லை. அவள் 2013-லேயே பாஸ், உத்தியோகம்தான் இல்லை. உள்ளே போனவளுக்கு உத்தியோகம் இருக்கிறது, பாஸ்தான் இல்லை.

உங்கள் பெண் இந்தப் படிப்புக்குப் போவதாக இருந்தால் ஒன்றை மட்டும் சொல்லி வைக்கிறேன். பி.எட். முடித்துவிட்டு, ஒன்றாம் வகுப்புக்கும் போகலாம், எட்டாம் வகுப்புக்கும் போகலாம் என்று எண்ண வேண்டாம். 2018-ல் ஓர் அறிவிக்கை அப்படி இடம் கொடுத்தது. பி.எட். படித்தவர்கள் வேலையில் சேர்ந்த பின் ஆறு மாதப் பயிற்சி எடுத்தால் போதும் என்றார்கள். ராஜஸ்தானில் வழக்காயிற்று. சின்னக் குழந்தைக்கு எழுத்துக் கற்பிப்பது தனி வித்தை, அதற்கென்று உள்ள பட்டயப் படிப்புத்தான் வேண்டும் என்று 2023 ஆகஸ்டு 11-ல் சுப்ரீம் கோர்ட்டு முடிவு கட்டிவிட்டது. ஒன்றிலிருந்து ஐந்து வரை என்றால் பட்டயம். அதற்கு மேல் என்றால் பட்டமும் பி.எட்.டும். எதில் சேருவது என்பதைக் கல்லூரியில் பணம் கட்டுவதற்கு முன்பே தீர்மானித்துக்கொள்ளுங்கள்.

பரீட்சை விளம்பரம் வந்ததும் ஒரு பிரதி எடுத்து, தேதியைக் குறித்து, அதே பீரோவில் சான்றிதழுக்குப் பக்கத்தில் வையுங்கள். முடிவு வந்ததும் பழைய காகிதத்தைக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். 2014-ல் மதுரைக்கும் சென்னைக்கும் ஓடியவர்களிடம் வக்கீல் முதன்முதலில் கேட்டது அதைத்தான் இருந்திருக்கும்.